ஆங்கிலச் சொல்லை எழுதியபடி படித்தால் ஏன் தவறாகிறது?

நீங்கள் கேட்டிருப்பது மேலோட்டமாகப் பார்த்தால் ஒரு பட்டியல். தமிழ் மீடியத்தில் படித்துவிட்டு பெங்களூருக்கு வேலைக்கு வந்து மூன்று வருடம் ஆகிறது. போன வாரம் மீட்டிங்கில் ஒரு சொல்லை 'எபிடோம்' என்று சொன்னீர்கள். எதிரே இருந்தவர் சிரித்துக்கொண்டே 'இப்பிட்டமி' என்று திருத்தினார். அன்றிலிருந்து புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொண்ட சொல்லை வாய்விட்டுச் சொல்லவே தயக்கமாக இருக்கிறது. இப்படி ஏமாற்றும் சொற்களை எல்லாம் ஒரே இடத்தில் எழுதிக் கொடுத்தால் மனப்பாடம் செய்துவிடுவேன் என்கிறீர்கள். ஆனால் உங்கள் கேள்வியின் கடைசி வரிதான் உண்மையான கேள்வி என்று எனக்குப் படுகிறது: "முன்பின் கேட்டிராத ஒரு சொல்லைப் பார்க்கும்போது எழுத்தை நம்பலாமா கூடாதா என்று எப்படித் தெரிந்துகொள்வது?" அதற்குத்தான் இந்தப் பதில். நீங்கள் கேட்ட சொற்களும் போகிற போக்கில் வந்துவிடும்.

நான் அல்சூரில் பிறந்து வளர்ந்தவள். பதினெட்டு வருடம் இதே ஊரில், முதலில் கால் சென்டர்களிலும் அப்புறம் ஐடி ஆபீஸ்களிலும், உச்சரிப்புப் பயிற்சி கொடுத்திருக்கிறேன். அந்த அனுபவத்தில் முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். 'எபிடோம்' என்று சொல்பவர் அந்தச் சொல்லைப் படித்துத் தெரிந்துகொண்டவர், அவ்வளவுதான். காதில் முதலில் விழுந்த சொல்லை யாரும் தவறாகச் சொல்வதில்லை. 'பஸ் டிப்போ' என்பதை நம் ஊரில் எழுதப் படிக்கத் தெரியாத பாட்டிகூடச் சரியாகச் சொல்வார். அந்தச் சொல்லின் கடைசியில் ஒரு 'டி' எழுத்து இருக்கிறது, பார்த்திருக்கிறீர்களா? எழுத்தைப் பார்த்துக் கற்றிருந்தால் நாமும் 'டெபாட்' என்றுதான் சொல்லியிருப்போம். ஆங்கிலம் பேசும் வீட்டில் வளராத யாருக்கும், இங்கிலாந்தில் பிறந்த புத்தகப் புழுக்களுக்குமே, இந்தச் சிக்கல் உண்டு.

சரி, எழுத்து ஏன் ஏமாற்றுகிறது? தமிழில் ஒரே எழுத்துக்குப் பல ஓசை இருப்பது நமக்குப் புதிதல்ல. 'பச்சை', 'பஞ்சு', 'பசி' மூன்றிலும் ச-தான். மூன்றும் வேறு வேறு ஓசை. யாரும் நமக்குப் பட்டியல் போட்டுக் கொடுக்கவில்லை; சொல்லுக்குள் அந்த எழுத்து எங்கே உட்கார்ந்திருக்கிறது, பக்கத்தில் யார் இருக்கிறார்கள் என்று பார்த்து நாக்கு தானாகவே மாற்றிக்கொள்கிறது. ஆங்கிலத்திலும் எழுத்தின் ஓசை மாறுகிறது. ஆனால் அங்கே எழுத்து உட்கார்ந்திருக்கும் இடத்தை மட்டும் பார்த்தால் போதாது. அந்தச் சொல் எந்த ஊரிலிருந்து வந்தது, எப்போது வந்தது என்றும் பார்க்க வேண்டும். 'சி'யும் 'ஹெச்'சும் சேர்ந்து வருவதை எடுத்துக்கொள்ளுங்கள். 'சர்ச்', 'சைல்ட்' போன்ற பழைய சொற்களில் அது ச். பிரெஞ்சிலிருந்து வந்த 'ஷெஃப்', 'மெஷின்' ஆகியவற்றில் ஷ். கிரேக்கத்திலிருந்து வந்த 'கேயாஸ்', 'ஆர்க்கைவ்' ஆகியவற்றில் க். வகுப்பில் இதைக் கரும்பலகையில் மூன்று பத்தியாக எழுதுவேன். நாலைந்து சொல் எழுதுவதற்குள் மாணவர்களே அடுத்த சொல்லைச் சரியான பத்தியில் போடத் தொடங்கிவிடுவார்கள்.

உங்கள் சொல்லுக்கு வருகிறேன். 'இப்பிட்டமி' கிரேக்கச் சொல். ஒரு குணத்துக்கோ ஒரு வகைக்கோ அப்படியே உருவம் கொடுத்தது போன்ற எடுத்துக்காட்டு என்பது இன்றைய பொருள். நூலின் சுருக்கம் என்ற பழைய பொருளும் உண்டு. ஆங்கிலத்தில் கடைசி 'ஈ' பெரும்பாலும் வாய் திறக்காது. ஆனால் கிரேக்கத்திலிருந்தும் லத்தீனிலிருந்தும் வந்த ஒரு கூட்டத்தில் அது 'இ' என்று முழுதாக ஒலிக்கும். 'ஹைபர்பலி' (நம் உயர்வு நவிற்சி அணிதான்), 'கடாஸ்ட்ரஃபி' (பேரழிவு), 'அப்பாஸ்ட்ரஃபி', 'சிமிலி' (உவமை), 'ரெசிப்பி' எல்லாம் ஒரே குடும்பம். 'ரெசிப்பி' என்று நாம் தினமும் சரியாகச் சொல்கிறோமே, 'ரெசைப்' என்று யாரும் படிப்பதில்லை. அது லத்தீனில் 'எடுத்துக்கொள்' என்னும் ஏவல். டாக்டர் மருந்துச் சீட்டின் தலைப்பில் போடும் அந்தக் கோடு வெட்டிய 'ஆர்' எழுத்து இந்தச் சொல்லின் சுருக்கம். இன்னொன்றும் கவனியுங்கள்: நான் சொன்ன எல்லாச் சொற்களிலும் அழுத்தம் கடைசியிலிருந்து மூன்றாவது அசையில் விழுகிறது. இ-பிட்-ட-மி, ஹை-பர்-ப-லி, க-டாஸ்ட்-ர-ஃபி. இதைப் பிடித்துக்கொண்டால் மனப்பாடம் பாதி குறையும்.

பிரெஞ்சுக் குடும்பம் பெரியது, கொஞ்சம் முரண்டு பிடிக்கும். 'பாலே', 'பூக்கே', 'டெப்யூ', 'டிப்போ' எல்லாவற்றிலும் கடைசி 'டி' ஊமை. ஆனால் 'டார்கெட்', 'பேக்கெட்' என்பவையும் பிரெஞ்சு வழி வந்தவைதான், அவற்றில் 'டி' நன்றாகக் கேட்கிறது. பல நூற்றாண்டுகளுக்கு முன் வந்த சொற்கள் ஆங்கிலேய வீட்டுப் பிள்ளைகளாகவே ஆகிவிட்டன. பின்னால் வந்தவை பிரெஞ்சு வாடையை விடவில்லை. 'ஏ-ஜி-ஈ' என்று முடியும் சொற்களிலும் இதுதான் கதை. 'வில்லேஜ்', 'கேபேஜ்', 'மெசேஜ்' என்று நாம் எழுதும் பழைய சொற்களில் உண்மையில் கடைசியில் கேட்பது வெறும் 'இஜ்'. 'மசாஜ்', 'மிராஜ்', 'சபோட்டாஜ்' போன்ற பிந்திய சொற்களில் 'ஆ' நீள்கிறது, முடிவில் வரும் மெய்யும் வேறு: 'மெஷர்', 'விஷன்' என்ற சொற்களின் நடுவில் வருமே, ஷ்-உக்கும் ஜ்-உக்கும் இடைப்பட்ட ஓசை, அது. இங்கே நம் தமிழர்களுக்கு வரும் ஒரு தடுமாற்றத்தைச் சொல்ல வேண்டும். சில அகராதிகள் இந்த ஓசையைக் காட்ட 'இசட்-ஹெச்' என்று போடும். நாமோ ழகரத்துக்கு அதே இரண்டு எழுத்தைப் போட்டுப் பழகியவர்கள். மதுரையிலிருந்து வந்த ஒரு பையன் அகராதியைப் பார்த்து 'விழன்' என்று அழகாக நாக்கை மடித்துச் சொன்னான். அவன் அகராதியைத் திறந்து பார்த்தவன், நமக்குத் தெரிந்த ஒரே வழியில் அதைப் படித்தவன். யாரும் அவனிடம் இந்த வேறுபாட்டைச் சொல்லியிருக்கவில்லை. இப்போது உங்களிடம் சொல்லிவிட்டேன்.

பெங்களூரில் இருக்கும் உங்களுக்கு இன்னொரு குடும்பம் கண்ணெதிரே நிற்கிறது. பிரிகேட் ரோடு, இன்ஃபன்ட்ரி ரோடு, இன்று காமராஜ் ரோடு எனப்படும் பழைய கேவல்ரி ரோடு. இந்தக் கன்டோன்மென்ட் 1809 வாக்கில் ஆங்கிலேயப் படைக்காக உருவானது. படையோடும் படையைச் சுற்றிய வேலைகளுக்காகவும் ஏராளமான தமிழர்கள் இங்கே வந்து குடியேறினார்கள். ராணுவச் சொற்கள் பல ஆங்கிலத்துக்கு இத்தாலியிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தவை. 'இன்ஃபன்ட்ரி' காலாட்படை, இளைஞன் என்ற பொருளுள்ள இத்தாலியச் சொல்லிலிருந்து. 'கேவல்ரி' குதிரைப்படை. இதைப் பலர் 'கால்வரி' என்று சொல்லிவிடுகிறார்கள். அது இயேசு சிலுவையில் அறையப்பட்ட கல்வாரி மலை. அர்த்தமே மாறிவிடும், ஜாக்கிரதை. 'கன்டோன்மென்ட்' என்று நாம் சொல்வதை பிரிட்டிஷ் அகராதிகள் 'கன்டூன்மென்ட்' என்று குறிக்கின்றன. ஆட்டோக்காரரிடம் அப்படிச் சொல்லாதீர்கள், இந்த ஊரில் 'டோ'தான் சரி.

இந்தக் குடும்பத்தின் விசித்திரப் பிள்ளை 'கர்னல்'. எழுத்தில் 'ஆர்' எங்கேயும் இல்லை. இருப்பவை இரண்டு 'எல்'. இத்தாலியில் 'கொலொனெல்லோ' என்றால் ஒரு படை வரிசையின் தலைவர். பிரெஞ்சில் ஒரே சொல்லில் இரண்டு 'ல' வந்ததால் முதல் 'ல' 'ர' ஆகி 'கொரொனெல்' என்றும் வழங்கியது. பக்கத்தில் பக்கத்தில் ஒத்த ஓசை வந்தால் ஒன்றை மாற்றிக்கொள்வது பல மொழிகளில் நடப்பதுதான். 16-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயர்கள் இந்த இரண்டு வடிவத்தையும் வாங்கினார்கள். கடைசியில் எழுத்துக்கு 'எல்' வடிவமும் வாய்க்கு 'ஆர்' வடிவமும் நிலைத்துவிட்டன. இது உறுதியாகத் தெரிந்த வரலாறு. ஆனால் இன்னொரு பதவியான 'லெஃப்டினன்ட்' என்பதில் பிரிட்டிஷார் வாயில் 'ஃப்' எப்படி வந்தது என்பதற்குச் சொல்லப்படும் காரணங்கள் எல்லாம் ஊகங்கள்தான். அமெரிக்கர்கள் 'லூட்டினன்ட்' என்பார்கள். யாராவது உங்களிடம் அந்த 'ஃப்'-உக்கு ஒரே ஒரு காரணத்தை அடித்துச் சொன்னால் கொஞ்சம் பொறுத்து நம்புங்கள்.

ஊமை எழுத்துகளில் இரண்டு வகை உண்டு. 'நைட்' என்று நாம் சொல்லும் குதிரைவீரனின் முன்னால் நிற்கும் 'கே' ஒரு காலத்தில் உண்மையாகவே ஒலித்தது. வில்லியம் கேக்ஸ்டன் 1476-இல் வெஸ்ட்மின்ஸ்டரில் அச்சகம் தொடங்கிய பிறகு எழுத்துக்கூட்டல் மெல்ல மெல்ல உறையத் தொடங்கியது. ஓசைகளோ அதற்குப் பிறகும் மாறிக்கொண்டே போயின. அதனால் பல சொற்களில் எழுத்து பழைய ஓசையைக் காட்டிக்கொண்டு நிற்கிறது. இன்னொரு வகை, ஒருபோதும் ஆங்கிலத்தில் ஒலிக்காமலேயே படித்தவர்கள் செருகி வைத்த எழுத்துகள். 'டெட்' (கடன்), 'டவுட்' ஆகியவற்றில் 'பி'யும், 'ரிசீட்' என்பதில் வேறொரு 'பி'யும், லத்தீன் மூலம் தெரியட்டும் என்று சேர்க்கப்பட்டவை. 'டிசீட்', 'கன்சீட்' என்ற சொற்களும் 'ரிசீட்'டோடு பிறந்தவைதான். அவற்றுக்கு அந்த எழுத்து ஒட்டவில்லை. ('ரசீது' இதிலிருந்து வந்தது என்று நினைக்காதீர்கள், அது பாரசீகச் சொல், 'வந்து சேர்ந்தது' என்று பொருள்.) 'ஐலண்ட்' என்பதில் இருக்கும் 'எஸ்' இன்னும் மோசம்: சுத்தமான பழைய ஆங்கிலச் சொல் அது, அதை 'ஐல்' என்ற பிரெஞ்சுச் சொல்லோடு குழப்பிச் செருகிவிட்டார்கள்.

எனக்கும் இந்த வகையில் ஒரு சொல் உண்டு. குற்றம் சாட்டுதல் என்ற பொருளில் செய்தித்தாள்களில் வரும் 'இண்டைட்'. எழுத்தில் கடைசிக்கு முன் ஒரு 'சி' இருக்கும். பயிற்சியாளராகச் சேர்ந்து ஐந்தாறு வருடம் வரை அதை நான் 'இண்டிக்ட்' என்றுதான் படித்துவந்தேன். இருபது பேர் எதிரே சொல்லவும் செய்தேன். பின் வரிசையிலிருந்த ஒரு பெண் இடைவேளையில் தனியாக வந்து, "மேடம், அது இண்டைட் இல்லையா?" என்று மெதுவாகக் கேட்டாள். அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போய் அகராதியைப் பார்த்தேன். அந்தப் பெண் திருத்திய விதம் இன்னும் நினைவில் இருக்கிறது. உங்களைப் பார்த்துச் சிரித்தவரும் அப்படிச் செய்திருக்கலாம்.

கடல் நாவல் படிக்கிறேன் என்று சொல்லி மூன்று சொல் கேட்டிருந்தீர்கள். 'போட்ஸ்வெயின்' என்று தெரிவது 'போசன்', கப்பலில் தளப் பணியாட்களுக்கும் கயிறு, பாய் முதலியவற்றுக்கும் பொறுப்பாளர். 'விக்சுவல்ஸ்' என்று தெரிவது 'விட்டில்ஸ்', உணவுப் பொருட்கள். 'க்வே' என்று தெரிவது 'கீ', கப்பல் அணைந்து சரக்கு இறக்கும் துறை.

இதுவரை சொன்னது எழுத்தைப் பற்றி. ஆனால் என் வகுப்புகளில் அதிகம் பாடுபட்டது வேறொன்றுக்கு. தமிழில் எல்லா அசைக்கும் ஏறக்குறைய சம மரியாதை கொடுத்துப் பேசுகிறோம். ஆங்கிலத்தில் ஒரு அசையை அழுத்தி, மற்றதை விழுங்கிவிடுகிறார்கள். 'ஃபோட்டோகிராஃப்' என்றால் முதல் அசையில் அழுத்தம். 'ஃபடாக்ரஃபர்' என்றால் இரண்டாவதில். 'ஃபோட்டக்ராஃபிக்' என்றால் மூன்றாவதில். மேசையில் விரலால் தட்டிக்கொண்டே சொல்லிப் பாருங்கள். தட்டு எந்த அசையில் விழுகிறதோ அது நீளும், மற்றவை சுருங்கும். அந்தச் சுருங்கிய உயிரைத்தான் அகராதியில் தலைகீழாகக் கிடக்கும் 'ஈ' எழுத்தால் காட்டுகிறார்கள். அது என்ன ஓசை என்று கேட்காத மாணவர் இல்லை. நமக்குப் பள்ளியிலேயே இதற்குப் பக்கத்து வீட்டை அறிமுகப்படுத்தியிருக்கிறார்கள்: குற்றியலுகரம். 'பசு' என்று சொல்லுங்கள், கடைசியில் உதடு குவியும். 'காசு' என்று சொல்லுங்கள், அதே எழுத்துதான், ஆனால் உதடு குவிவதில்லை, ஓசை பாதி மாத்திரையில் தேய்ந்துவிடுகிறது. ஆங்கிலத்தின் சுருங்கிய உயிர் இதே ஓசை என்று சொல்லமாட்டேன், அது வாயின் நடுவில் பிறப்பது. ஆனால் ஓர் உயிர் தன் முழு அளவை விட்டுக்கொடுப்பது என்ற பழக்கம் நம் வாய்க்கும் உண்டு. இதைச் சொன்ன பிறகுதான் 'வெஜிடேபிள்' என்பதில் மேசையைத் தேடுவதைப் பலர் விட்டு 'வெஜ்டபிள்' என்றார்கள். 'டிடர்மைன்' 'டிட்டர்மின்' ஆனதும், முதல் அசையில் அழுத்திய 'டெவலப்' 'டிவெலப்' ஆனதும் அப்படித்தான். 'இக்' என்று முடிந்தால் அழுத்தம் அதற்கு முந்தைய அசையில் என்பது பெரும்பாலும் கைகொடுக்கும் விதி. 'அராபிக்', 'பாலிடிக்ஸ்' போன்ற சில அதற்கு அடங்காது.

தமிழிலிருந்து போன சொற்களைப் பற்றி ஒரு வார்த்தை, ஏனென்றால் அவற்றைத்தான் நாம் மிகவும் தடுமாறிச் சொல்கிறோம். கட்டுமரம் அங்கே போய் 'கேட்டமரேன்' ஆகி, இன்று இரட்டை உடல் கொண்ட படகைக் குறிக்கிறது. சுருட்டு 'ஷரூட்' ஆனது. மிளகுத் தண்ணீர் 'மலிகடானி' என்ற சூப் ஆனது, அழுத்தம் 'டா'வில். வெட்டிவேர், அணைக்கட்டு இரண்டும் போயிருக்கின்றன, பின்னது 'அனிகட்'. இவற்றில் பலவற்றை யூலும் பர்னெலும் 1886-இல் வெளியிட்ட ஹாப்சன்-ஜாப்சன் அகராதியில் காணலாம். 'கேஷ்' விஷயத்தில் கவனம் தேவை: கீழை நாடுகளின் சில்லறை நாணயத்தைக் குறித்த 'கேஷ்' நம் காசுதான், ஆனால் இன்று கடையில் கொடுக்கும் ரொக்கப் பணம் என்ற 'கேஷ்' பெட்டியைக் குறிக்கும் பிரெஞ்சு, இத்தாலியச் சொல்லிலிருந்து வந்தது. இரண்டும் வேறு. 'ஜிஞ்சர்' இஞ்சிவேரிலிருந்து கிளம்பி பிராகிருதம், கிரேக்கம், லத்தீன் வழியாகப் போனது என்பதற்கு நல்ல ஆதரவு இருக்கிறது. 'அனகோண்டா' ஆனைக்கொன்றானா, சிங்களச் சொல்லா என்பது தீரவில்லை. இதற்கு மேல் வாட்ஸப்பில் சுற்றும் நீண்ட பட்டியல்களை நான் ஏற்பதில்லை. இரண்டு சொல் காதுக்கு ஒத்திருப்பது மட்டும் சான்று ஆகாது. எந்தக் கப்பலில், யார் வாயில், எந்த எழுத்தில் போனது என்று வழி தெரிய வேண்டும். தமிழின் மீது இருக்கும் மதிப்பினால்தான் இதைச் சொல்கிறேன்.

சில சொற்களில் இரண்டு உச்சரிப்பும் சரி. 'ஷெட்யூல்' பிரிட்டிஷ் வழக்கு, 'ஸ்கெஜூல்' அமெரிக்க வழக்கு. 'ஈதர்', 'ஐதர்' இரண்டும் ஓடும். 'ஆஃபன்', 'ஆஃப்டன்' இரண்டையும் அகராதிகள் ஏற்கின்றன. 'நீஷ்', 'நிச்' இரண்டுமே உண்டு. இவற்றில் யாராவது உங்களைத் திருத்தினால் நீங்கள் மாற்றிக்கொள்ள வேண்டிய கட்டாயம் இல்லை. உங்கள் கிளையண்ட் எந்த நாட்டுக்காரரோ அந்த வழக்கைப் பிடித்துக்கொள்வது வசதி. அமெரிக்கர் போல மூக்கால் பேச வேண்டும் என்று ஆரம்ப காலத்தில் எங்களுக்கே சொல்லிக்கொடுக்கச் சொன்னார்கள். அதில் எனக்கு நம்பிக்கை இருந்ததில்லை. அழுத்தம் சரியான அசையில் விழுந்தால் தமிழ் வாடையோடு பேசினாலும் எதிராளிக்குப் புரிகிறது. அழுத்தம் தவறினால் மூக்கால் பேசியும் பயனில்லை.

கடைசியாக ஒரு எச்சரிக்கை. இந்தப் பதிலில் நான் தமிழ் எழுத்தில் காட்டியிருப்பது எல்லாம் தோராயம்தான். 'பேக்' என்று எழுதினால் பையா, முதுகா, பொட்டலம் கட்டுவதா என்று நம் எழுத்தால் பிரித்துக் காட்ட முடியாது. ஆகவே நோட்டில் தமிழில் எழுதி மனப்பாடம் செய்யாதீர்கள். இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் ஏதாவது ஒரு நல்ல அகராதியைத் திறந்து, ஒலிபெருக்கிப் படத்தை அழுத்தி மூன்று முறை கேளுங்கள். உச்சரிப்புக் குறியில் மேலே ஒரு சின்னச் செங்குத்துக் கோடு இருக்கும். அதற்கு அடுத்து வருவதுதான் அழுத்த வேண்டிய அசை. நோட்டில் ஆங்கிலச் சொல்லை எழுதி அந்த அசையின் கீழ் மட்டும் கோடு போடுங்கள், பக்கத்தில் எந்த மொழியிலிருந்து வந்தது என்று ஒரு சொல். அப்புறம் அன்றே யாரிடமாவது ஒரு வாக்கியத்தில் அதைச் சொல்லிவிடுங்கள். முதல் பக்கத்தில் முதல் சொல்லாக 'இப்பிட்டமி'யையே எழுதுங்கள்: 'பிட்' கீழே கோடு, பக்கத்தில் 'கிரேக்கம்'. அடுத்த மீட்டிங்கில் பயன்படுத்த அது தயாராக இருக்கும்.